கிட்டார் கழுத்து என்ன மரம்? உளி வைப்பதற்கு முன் பார்க்க வேண்டியவை

கழுத்து உடைந்த கிட்டாரைக் கொண்டுவரட்டுமா என்று யாராவது போன் செய்தால் நான் முதலில் சொல்வது ஒன்றுதான்: உடைந்த இடத்திலிருந்து விழுந்த சிராய் ஒன்றைக்கூட விடாமல் பொறுக்கி ஒரு கவரில் போட்டுக்கொண்டு வாருங்கள். நீங்களாகப் பசை போட்டு ஒட்டாதீர்கள். வேறு மரத்தில் புதிதாகச் செய்துகொடு என்று தச்சரிடம் சொல்லவே சொல்லாதீர்கள். அது என்ன மரம் என்று தெரியும்வரை அந்தக் கழுத்தில் உளி படக்கூடாது.

எங்கள் பட்டறை பெங்களூரு அல்சூரில் இருக்கிறது. அப்பா திருப்பத்தூரிலிருந்து வந்த தச்சர். கதவு, ஜன்னல், பீரோ என்று வீட்டு வேலை செய்தவர். நான் கிட்டார் பக்கம் வந்து இருபது வருடத்துக்கு மேல் ஆகிறது. ஆரம்பத்தில் எனக்கும் மரம் தெரியாது. ஒருவர் ஸ்பெயினில் செய்த கிளாசிகல் கிட்டார் ஒன்றைக் கொடுத்தார், தலைப்பக்கம் முறிந்திருந்தது. பழைய கழுத்தை அறுத்துப் போட்டுவிட்டு நல்ல தேக்கில் செய்து மாட்டினேன். பார்க்க அழகாகத்தான் இருந்தது. அவர் மடியில் வைத்ததும் தலை கீழே சாய்ந்தது. இடது கையால் தாங்கிப் பிடித்துக்கொண்டேதான் வாசிக்க முடிந்தது. அறுத்த கழுத்து அதற்குள் வெந்நீர் அடுப்புக்குப் போய்விட்டது. அது எரிந்தபோது பின்கட்டு முழுக்கப் பரவிய வாசனை இன்னும் என் மூக்கில் இருக்கிறது. அது செட்ரோ என்று பல மாதம் கழித்துத்தான் தெரிந்தது.

செட்ரோ என்பது செட்ரெலா என்ற தென் அமெரிக்க, மத்திய அமெரிக்க மரம். மகாகனிக் குடும்பம் என்பார்கள். நமக்குச் சொல்வதென்றால் வேம்புக் குடும்பம். நம் வேம்பு, மலைவேம்பு, பெங்களூரு தெருவோரத்து மகாகனி எல்லாம் அதற்குச் சொந்தம். சமவெளியில் வளரும் செட்ரெலா ஓடோராட்டா மெக்சிகோவிலிருந்து அர்ஜென்டினா வரை இருக்கிறது. செட்ரெலா மொன்டானா, செட்ரெலா லில்லோய் போன்றவை ஆண்டிஸ் மலைச் சரிவுகளில், மேகம் வந்து மோதும் காடுகளில் வளர்பவை. கூட்டமாக வளராது, காட்டுக்குள் அங்கொன்று இங்கொன்றாக நிற்கும். நூற்றாண்டுகளாக அந்த ஒன்றிரண்டைத் தேடித் தேடி வெட்டினார்கள். நட்டு வளர்க்கலாமே என்று கேட்பார்கள். ஒரே இடத்தில் தோப்பாக நட்டால் ஹிப்சிபிலா என்ற அந்துப்பூச்சியின் புழு நுனிக் குருத்தைத் துளைத்துவிடும். குருத்து செத்தால் மரம் கவையாகப் பிரியும், நேரான அடிமரம் கிடைக்காது. காட்டு மரத்தின் மேல் இவ்வளவு பாரம் விழுவதற்கு இந்தப் புழுவும் ஒரு காரணம்.

பெயரில் ஒரு குழப்பம் உண்டு. செட்ரோவை ஸ்பானிஷ் சீடர் என்றும் சொல்வார்கள். கிட்டாரின் முன்பலகைக்குப் போடும் சீடர் வேறு, அது வட அமெரிக்க ஊசியிலை மரம். நம் தேவதாரு இன்னொரு வகை ஊசியிலை மரம். வாசனை ஓரளவு ஒத்துப்போவதால் வந்த பெயர், அவ்வளவுதான்.

சரி, கண்டுபிடிக்கும் முறைக்கு வருவோம். ஒரு டார்ச், புது பிளேடு, பத்து மடங்கு பெரிதாக்கும் லென்ஸ், சமையலறைத் தராசு, முகக்கவசம் போதும். முகக்கவசத்தை விடாதீர்கள், இந்த மரத்தூள் மூக்கையும் தொண்டையையும் நன்றாக உறுத்தும்.

கம்பிகளைத் தளர்த்திவிட்டு, தலையில் உள்ள சாவித் தகட்டின், அதாவது கம்பியை முறுக்கும் சாவிகள் பொருத்திய தகட்டின், ஒரு பக்கத்தைக் கழற்றுங்கள். திருகாணிகளை எடுத்த வரிசையிலேயே ஒரு அட்டையில் குத்தி வையுங்கள், பிறகு அதே துளைக்கு அதே திருகாணி போக வேண்டும். தகட்டுக்கு அடியில் பெரும்பாலும் பாலிஷ் படாத வெறும் மரம் தெரியும். வெளியே பூசிய நிறத்தை நம்பாதீர்கள். வெள்ளை மரத்தைக்கூடச் சிவப்பாக்கி வைத்திருப்பார்கள்.

அந்த இடத்தில் பிளேடால் நகக்கண் அளவு மட்டும் சுரண்டி, உடனே முகர்ந்து பாருங்கள். தேக்கு என்றால் எண்ணெய்ப் பிசுக்கோடு தோல் வாடை வரும். மகாகனியில் வாசனை என்று சொல்லும்படி எதுவும் இராது. செட்ரோ அப்படியில்லை. புதிதாகச் சீவின பென்சிலில் மிளகுப்பொடி தூவினதுபோல் மூக்கில் ஏறும். ஐம்பது வருடத்துக் கிட்டாரில்கூட மேல் தோலைச் சுரண்டினால் அந்த வாசனை எழும்பி வரும். கியூபாவில் சுருட்டுப் பெட்டிகளை இந்த மரத்தில் செய்வது இதற்காகத்தான். எங்கள் தாத்தாவின் திருச்சி சுருட்டு வெறும் காகிதக் கட்டில் வரும், அதற்கு இந்தக் கொடுப்பினை இல்லை.

அடுத்ததுதான் முக்கியமான பார்வை. கிளாசிகல் கிட்டாரின் தலையில் இரண்டு நீளத் திறப்புகள் இருக்கும் அல்லவா, அவற்றின் மேல்முனையிலும் கீழ்முனையிலும் மரத்தின் குறுக்குவெட்டு தெரியும். ஏதாவது ஒரு முனையில், வெளியே தெரியாத ஓரத்தில், புது பிளேடால் ஒரே இழுப்பில் மெல்லிசாகச் சீவுங்கள். இரண்டாவது முறை இழுத்தால் மரம் நீர் ஏற்றும் நுண்ணிய துளைகள் நசுங்கி ஒன்றும் தெரியாது. ஒரு துளி தண்ணீர் தொட்டு வைத்து, டார்ச்சைப் பக்கவாட்டில் அடித்து லென்ஸை வையுங்கள்.

மகாகனி என்றால் துளைகள் எங்கும் ஒரே மாதிரி சிதறிக் கிடக்கும். நடுநடுவே வெளிறிய மெல்லிய கோடு ஓடும். செட்ரோவில் பெரிய துளைகள் ஒரு வரிசையாக மணி கோத்தாற்போல் நிற்கும், அதைத் தாண்டினால் துளை சிறுத்துக்கொண்டே போகும், பிறகு மறுபடியும் ஒரு மணிவரிசை. வறண்ட மாதங்களில் இந்த மரம் இலையை உதிர்த்து வளர்ச்சியை நிறுத்துகிறது. மழை வந்ததும் பெரிய துளைகளோடு மறுபடி தொடங்குகிறது. வெப்பமண்டல மரங்கள் பலவற்றில் வளையம் தெளிவாகத் தெரியாது, இதில் தெரியும். ஆராய்ச்சிக்காரர்கள் இந்த வளையங்களை எண்ணித்தான் பழைய மழைக்காலங்களைப் பற்றிப் படிக்கிறார்கள். சில துளைகளில் செம்பழுப்பாகப் பிசின் மினுக்கும். முதல் தடவை அதைப் பார்த்தபோது வெகுநேரம் லென்ஸை எடுக்க மனசு வரவில்லை.

இங்கே ஒரு எச்சரிக்கை. நம் நாட்டுச் சந்தன வேம்பும் லென்ஸில் ஏறக்குறைய இதே மாதிரிதான் தெரியும். கன்னடக்காரர்கள் கந்தகரிகெ என்பார்கள், வடக்கே தூன். சிதார் செய்வது இதில்தான். ஒரு காலத்தில் இதையும் செட்ரெலா என்றே தாவரவியலில் எழுதினார்கள், பிறகுதான் தூனா என்று பிரித்தார்கள். இதன் வாசனை சற்று மெதுவாக இருக்கும். கிட்டார் எங்கே செய்யப்பட்டது என்ற லேபிளை உள்ளே டார்ச் அடித்துப் படித்து, இரண்டையும் சேர்த்து முடிவு செய்யுங்கள். செட்ரோ என்று தெரிந்தாலும் அது மலை இனமா, சமவெளி இனமா என்பது லென்ஸில் தெரியாது, அதற்கு ஆய்வகம்தான் வேண்டும்.

உடைந்த துண்டு கையில் இருந்தால் எடையும் பார்க்கலாம். 10 செ.மீ. நீளம், 5 அகலம், 2 கனம் உள்ள துண்டு 100 கன செ.மீ. வரும். செட்ரோ என்றால் தராசில் சுமார் 45 முதல் 50 கிராம் காட்டும், மகாகனி 55 முதல் 60, தேக்கு 65 வாக்கில். என் தேக்குக் கழுத்து ஏன் தலைசாய்ந்தது என்று இப்போது புரியும்.

செட்ரோ என்று உறுதியானால் வேலை முறையே மாறும். கழுத்தை மாற்றாதீர்கள், ஒட்டுங்கள். இழைகள் நீளவாக்கில் பிளந்திருந்தால் வஜ்ரப் பசை, அதாவது விலங்குத் தோலைக் காய்ச்சி எடுக்கும் பசை, போதும். சூடாக, நீர்த்த தேன் பதத்தில், தூரிகையால் உள்வரை செலுத்தி, கிளாம்ப் போட்டு ஒரு நாள் முழுக்கத் தொடாமல் வையுங்கள். துண்டு தொலைந்துபோன இடத்துக்கு ஒட்டு வேண்டுமென்றால் பழைய சந்தன வேம்பைத் தேடுங்கள். சிவாஜிநகர் பழைய சாமான் கடைகளில் உடைந்த டிராயர்ப் பலகையாக எனக்கு அது கிடைத்திருக்கிறது. மணிவரிசை ஓடும் திசையும் இழை ஓடும் திசையும் கழுத்தோடு பொருந்த வேண்டும், நிறத்தைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். பாலிஷ் போடுமுன் ஸ்பிரிட் தொட்ட துணியால் துடையுங்கள். பிசின் கசிந்தால் மேலே புள்ளி புள்ளியாக வரும். அப்புறம் மெழுகு நீக்கிய அரக்கு, மெல்லிசாக, பல பூச்சு.

புதுச் செட்ரோப் பலகை விலைக்கு வந்தால் தாள் கேளுங்கள். அமெரிக்கக் கண்டங்களின் வெப்பமண்டலப் பகுதியில் விளையும் செட்ரெலா அனைத்தும், அருகிவரும் உயிரினங்களின் பன்னாட்டு வணிகத்தைக் கட்டுப்படுத்தும் சைட்டீஸ் ஒப்பந்தத்தின் இரண்டாம் பட்டியலில் 2020 ஆகஸ்டிலிருந்து இருக்கிறது. முடிவெடுத்தது 2019 ஜெனீவா கூட்டத்தில். அடிமரம், அறுத்த பலகை, வெனீர், ஒட்டுப்பலகை இந்த நான்குக்கும் எல்லை தாண்ட அனுமதித் தாள் வேண்டும். செய்து முடித்த கிட்டாருக்கு அது பொருந்தாது. தாள் இல்லை, மலிவாகத் தருகிறேன் என்பவரிடம் நான் வாங்குவதில்லை. அது எந்த மலைச் சரிவில் எந்த இரவில் விழுந்த மரமோ.

போன மாதம் குக் டவுனிலிருந்து ஒரு அம்மா தன் கணவரின் கிட்டாரைக் கொண்டுவந்தார். "தம்பி, இதைத் தூக்கிப் போடவேண்டியதுதான்னு ரெண்டு கடையில சொல்லிட்டாங்க" என்றார். சிராய்களைத் தீப்பெட்டியில் போட்டு வைத்திருந்தார், மொத்தம் பதினொன்று. தீப்பெட்டியைத் திறந்ததுமே வாசனை வந்துவிட்டது. லென்ஸ் எடுக்கும்முன்பே அவரைத் திண்ணையில் உட்காரவைத்துவிட்டு வஜ்ரத்தை ஊறப்போட்டேன். பதினொன்றில் ஒன்பது தன் இடத்தில் சரியாக உட்கார்ந்தன. மீதி இரண்டும் பெயர் எழுதி, அதே தீப்பெட்டியில், என் மாதிரிக் கட்டைகளோடு அலமாரியில் இருக்கின்றன.