வாயாங் குலிட் முதன்முறை பார்ப்பவர்களுக்கு: நள்ளிரவிலிருந்து தொடங்குங்கள்

வாயாங் குலிட் ஜாவாத் தீவின் தோற்பாவைக் கூத்து. எருமைத் தோலில் நுணுக்கமாக வெட்டி வண்ணம் தீட்டிய பாவைகளை வைத்துக்கொண்டு, தலாங் எனப்படும் ஒரே கலைஞர் இரவு முழுக்க மகாபாரதக் கதை நடத்துவார். எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் அவருடையதுதான். யுனெஸ்கோ 2003-இல் இந்தக் கலைக்கு அங்கீகாரம் தந்தது. அந்தப் பெருமையைவிட எனக்கு முக்கியமாகப் படுவது, இன்றைக்கும் ஜாவாவில் கல்யாணத்துக்கும் ஊர்ச் சடங்குக்கும் தலாங்கை அழைக்கிறார்கள், யூடியூப் நேரலையில் விடிய விடிய கூட்டம் உட்கார்ந்திருக்கிறது என்பதுதான். ஜாவா மொழி தெரியாத நாமும் அதில் சேரலாம். அதற்கான வழி இது.

படி 1: நேரத்தைக் கணக்கிடுங்கள்

ஆட்டம் அங்கே இரவு 9 மணி வாக்கில் தொடங்கி விடியும்வரை போகும். ஜாவா நேரம் இந்திய, இலங்கை நேரத்தைவிட ஒன்றரை மணி முன்னால் ஓடுகிறது. நாம் பார்க்கத் தொடங்கப்போவது அங்கே நள்ளிரவு 12-க்கு, அதாவது நமக்கு இரவு 10.30. நேரலைக்கு மிகவும் தோதான கணக்கு. சிங்கப்பூர், மலேசியாவில் இருப்பவர்களுக்கு அது அதிகாலை 1 மணி. பழைய பதிவுகளைப் பார்ப்பதே நல்லது.

படி 2: தலாங்கைத் தேர்ந்தெடுங்கள்

கதையின் பெயரைவிடத் தலாங்கின் பெயரை வைத்துத் தேடுங்கள். சிரிக்க வேண்டுமானால் ஜாவாவின் யோக்யகர்த்தா நகரத்துக் கி செனோ நுக்ரோஹோ. 2020-இல் காலமாகிவிட்டார், பதிவுகள் நிறைய இருக்கின்றன. பாவைகள் சண்டையிடும் வேகத்தைப் பார்க்க ஆசை என்றால் கி மந்தெப் சுதர்சோனோ (1948–2021). பெயருக்கு முன்னால் வரும் ‘கி’ மரியாதை அடைமொழி.

படி 3: திரையைப் பழகிக்கொள்ளுங்கள்

வெள்ளைத் திரைக்குக் கீழே வாழைத்தண்டு கிடக்கும். பாவைகளைக் குத்தி நிறுத்துவது அதில்தான். நடுவில் மலை வடிவில் நிற்பது குனுங்கான். அது அசைந்தால் காட்சி மாறுகிறது, அல்லது புயலோ தீயோ வருகிறது என்று பொருள். நிழலை மட்டுமே பார்க்க வேண்டும் என்று நினைக்காதீர்கள். இப்போது பெரும்பாலான பார்வையாளர்கள் தலாங் இருக்கும் பக்கத்தில் உட்கார்ந்து பாவைகளின் நிறத்தையே ரசிக்கிறார்கள். கேமராவும் பெரும்பாலும் அங்கேதான்.

பாத்திரத்தின் குணம் முகத்திலேயே எழுதியிருக்கும். கோடு போன்ற கண், கூர்மையான மூக்கு, குனிந்த தலை என்றால் பண்பட்டவர். அர்ஜுனன் அப்படித்தான் இருப்பான். உருண்டைக் கண், தடித்த மூக்கு, சிவந்த முகம் என்றால் முரடர். கட்டம் போட்ட வேட்டியும் நீண்ட கட்டைவிரல் நகமுமாக வருபவன் பீமன். அங்கே அவன் பெயர் வெர்குதரா. தேவர்களிடம்கூட மரியாதை மொழி பேசாதவன் அவன்.

ஒன்றை மட்டும் மனதில் வையுங்கள்: நமக்குத் தெரிந்த பாரதத்தை அளவுகோலாக்க வேண்டாம். ஜாவாவில் திரௌபதி தருமனுக்கு மட்டும் மனைவி. ஸ்ரீகண்டி, அதாவது சிகண்டி, வில் பிடித்த வீரப்பெண். அர்ஜுனனின் மனைவியரில் ஒருத்தி. இது பிழையான பாரதம் இல்லை, அவர்களுடைய பாரதம்.

படி 4: நேராக கோரோ-கோரோவுக்குப் போங்கள்

முதல் முறை பார்ப்பவர்கள் தொடக்கத்திலிருந்து பார்ப்பதை நான் சிபாரிசு செய்வதில்லை. முதல் பகுதியில் அரசவைக் காட்சி மெதுவாக, பழைய கவிமொழியில் நீளும். மொழி தெரியாதவருக்கு அங்கேயே கண் சொக்கிவிடும். பதிவாக இருந்தால் மூன்று மணி நேரத்தைத் தாண்டித் தள்ளுங்கள். உலகமே குலுங்குவதாகத் தலாங் வருணிப்பார், குனுங்கான் சுழலும். அதுதான் கோரோ-கோரோ. பிறகு மூன்று கோமாளிகள் ஒவ்வொருவராக ஆடிக்கொண்டு வருவார்கள்: கோணல் கையும் நொண்டிக் காலுமாக காரெங், நெட்டை உடலும் நீள மூக்குமாக பெத்ருக், குண்டு பாகோங். அப்புறம் அவர்களுடைய தகப்பன் செமார்.

நம் தோற்பாவைக் கூத்தின் கோமாளிகளான உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் செய்வதைப் போல இவர்களும் ஊர்ப் பேச்சில் இன்றைய சங்கதிகளைக் கிண்டல் செய்வார்கள். மேடையில் அமர்ந்திருக்கும் சிந்தென் பாடகிகளைச் சீண்டுவார்கள், நேயர் விருப்பப் பாட்டுக் கேட்பார்கள், கமேலான் இசைக்குழு சட்டென்று பிரபலமான பாட்டுக்குத் தாவும். வார்த்தை புரியாவிட்டாலும் கூட்டத்தின் சிரிப்பு உங்களை இழுத்துக்கொள்ளும். ஆனால் செமாரை வெறும் கோமாளியாக எண்ணிவிடாதீர்கள். பூமிக்கு வந்த தெய்வம் அவர். பாண்டவர்களுக்கு வேலைக்காரர், அதே சமயம் அரசர்களுக்கே புத்தி சொல்லும் உரிமை உள்ளவர். வேலைக்காரனை இவ்வளவு உயரத்தில் வைத்த அந்தக் கற்பனைக்காகவே இந்தக் கலையை நேசிக்கிறேன்.

படி 5: சகில் சண்டையைப் பிடியுங்கள்

கோரோ-கோரோவை ஒட்டிக் காட்டுக் காட்சி வரும். குனிந்த தலை மாறாமல் நிற்கும் இளவரசன் ஒரு பக்கம், கீழ்த்தாடை துருத்திய அரக்கன் சகில் மறுபக்கம். துள்ளித் துள்ளி வம்புக்கு இழுத்த சகில், கடைசியில் தன் குறுவாளாலேயே சாவான். இந்த இடத்தில் தலாங்கின் கைகளையும் பாதத்தையும் கவனியுங்கள். இரண்டு கையில் இரண்டு பாவை, வலது பாதத்தில் உலோகத் தகடுகளைத் தட்டும் தாளம், அதோடு குரலும். இதற்கு மொழியே தேவையில்லை.

படி 6: இப்போது தொடக்கத்துக்குத் திரும்புங்கள்

முகங்கள் பழகியபின் முதல் பகுதியைப் பாருங்கள். இரவு மூன்று பகுதியாகப் பிரிந்திருப்பது காதுக்கே தெரியும்: பாதெட் நெம், பாதெட் சங்கா, பாதெட் மன்யுரா. ஒவ்வொன்றிலும் இசையின் சுருதிக் களம் மாறும். முழுக் கதையாகப் பார்க்க ‘தேவ ருசி’ நல்ல தேர்வு. துரோணர் ஏவ, உயிர்நீரைத் தேடிக் கடலுக்குள் போகும் பீமன், தன்னைப் போலவே இருக்கும் ஒரு குட்டித் தெய்வத்தைக் கண்டு அதன் காது வழியாக உள்ளே நுழைவான். யாருக்கும் பணியாத பீமன் பணிந்து பேசுவது அந்தத் தெய்வத்திடம் மட்டும்தான்.

நேரில் பார்க்க வாய்ப்புக் கிடைத்தால், யோக்யகர்த்தாவில் சோனோபுதோயோ அருங்காட்சியகம் மாலையில் சுருக்கமான ஆட்டம் நடத்துகிறது. நாளையும் நேரத்தையும் முன்னதாக விசாரித்துக்கொள்ளுங்கள். முழு இரவு வேண்டுமென்றால் தங்கும் விடுதியில், பக்கத்துக் கிராமத்தில் எங்காவது ஆட்டம் உண்டா என்று கேளுங்கள். பொதுவில் நடக்கும் ஆட்டங்களுக்குப் பெரும்பாலும் சீட்டு கிடையாது, வந்தவர்கள் நின்று பார்க்கலாம்.