பாஸ்வேர்டு தெரியாதவர் எப்படி உள்ளே வந்தார்? புகுபதிகையைச் செய்துபார்த்துப் புரிந்துகொள்வோம்

போன மாதம் என் தங்கை ஒரு தேர்வுக்கு விண்ணப்பிக்க பஸ் ஸ்டாண்ட் பக்கத்துப் பிரவுசிங் சென்டருக்குப் போனாள். வேலை முடிந்ததும் பிரவுசரை மூடிவிட்டுக் கிளம்பிவிட்டாள். மறுநாள் பிரிண்ட் எடுக்கப் போன நான் அதே கணினியில் உட்கார்ந்து மின்னஞ்சல் தளத்தைத் திறந்தால், அவளுடைய கடிதங்கள் வரிசையாக நிற்கின்றன. வீட்டில் சொன்னதும் அவள் கேட்டாள்: "என் பாஸ்வேர்டு யாருக்கும் தெரியாதேண்ணா, அப்புறம் எப்படி?"

அவளுக்கு உட்காரவைத்துச் செய்து காட்டியதைத்தான் இங்கே எழுதுகிறேன். நிரல் எழுதத் தெரிய வேண்டாம். குரோம் உள்ள ஒரு கணினியும் அரை மணி நேரமும் போதும்.

படி 1: சோதனைக்கு ஒரு கணக்கு

தமிழ் விக்கிப்பீடியாவுக்குப் போய் ஒரு கணக்கை உருவாக்குங்கள். வங்கிக் கணக்கிலோ சொந்த மின்னஞ்சலிலோ இதைச் செய்துபார்க்க வேண்டாம். வேறெங்கும் பயன்படுத்தாத கடவுச்சொல் ஒன்றைக் கொடுங்கள். மின்னஞ்சல் முகவரி கட்டாயமில்லை, ஆனாலும் கொடுத்துவிடுங்கள். காரணம் மூன்றாம் படியில் வரும். கணக்கு உருவானதும் விடுபதிகை செய்து வெளியே வாருங்கள்.

படி 2: கடவுச்சொல் போகும் வழி

புகுபதிகைப் பக்கத்தைத் திறந்து எஃப்12 விசையை அழுத்துங்கள். பக்கவாட்டில் திறக்கும் பலகையில் 'நெட்வொர்க்' பகுதிக்குப் போய் 'பிரிசர்வ் லாக்' கட்டத்தில் டிக் போடுங்கள். இப்போது பெயரும் கடவுச்சொல்லும் கொடுத்து உள்ளே போங்கள். பட்டியலில் 'போஸ்ட்' முறையில் (நாம் நிரப்பியதைத் தளத்துக்கு அனுப்பும் முறை) போன கோரிக்கையைத் தேடிச் சொடுக்கி, 'பேலோட்' பகுதியைப் பாருங்கள். நீங்கள் தட்டிய கடவுச்சொல் எழுத்து மாறாமல் அங்கே இருக்கும்.

என் தங்கை இதைப் பார்த்துப் பதறிவிட்டாள். பதற வேண்டாம், நீங்கள் பார்ப்பது உங்கள் கணினிக்குள் இருக்கும் நிலை. முகவரி 'எச்டிடிபிஎஸ்' என்று தொடங்கினால், வெளியே கிளம்பும் முன் பிரவுசர் அதைப் பூட்டிவிடும். நடுவில் இருக்கும் வைஃபைக்காரரால் படிக்க முடியாது. ஆனால் அந்தப் பூட்டு வழியைத்தான் காக்கும். போய்ச் சேரும் இடம் ஒரு போலித் தளமென்றால், கடவுச்சொல் பத்திரமாகத் திருடனிடம் போய்ச் சேரும். அதனால் தட்டும் முன் முகவரியில் உள்ள தளத்தின் பெயரை எழுத்தெழுத்தாகப் படியுங்கள்.

படி 3: தளம் அதை என்ன செய்கிறது

ஒழுங்கான தளம் எதுவும் உங்கள் கடவுச்சொல்லை அப்படியே எழுதி வைக்காது. அதை அரைத்து வைக்கும். அரிசியை மாவாக்கலாம், மாவிலிருந்து அரிசியைத் திரும்ப எடுக்க முடியாதல்லவா? இந்த அரைப்புக்கு 'ஹாஷ்' என்று பெயர். நீங்கள் ஒவ்வொரு முறை உள்ளே வரும்போதும், தட்டியதை மறுபடி அரைத்து, பழைய மாவும் புது மாவும் ஒன்றா என்று தளம் ஒப்பிடுகிறது.

இதைச் செய்யாமல் விட்டதன் விலை பெரியது. 2009இல் ராக்யூ என்ற நிறுவனத்திலிருந்து 3 கோடிக்கும் மேற்பட்ட கடவுச்சொற்கள் திருடுபோயின. அத்தனையும் அரைக்காமல் வைத்தவை. 2012இல் லிங்க்ட்இன் தளத்திலிருந்து சுமார் 65 லட்சம் வெளியாயின. அவை அரைத்தவைதான், ஆனால் ஆளுக்கு ஒரு தனி 'சால்ட்' (அரைக்கும் முன் கடவுச்சொல்லோடு கலக்கும் தாறுமாறான சில எழுத்துகள்) சேர்க்கவில்லை. அதனால் ஒரே கடவுச்சொல்லை வைத்திருந்த எல்லாருக்கும் ஒரே மாவு. ஒன்றைக் கண்டுபிடித்தால் அத்தனை பேரும் மாட்டினார்கள். இன்று நல்ல தளங்கள் ஒவ்வொருவருக்கும் வேறு சால்ட் சேர்த்து, வேண்டுமென்றே மெதுவாக அரைக்கின்றன. 1999இல் வந்த 'பிகிரிப்ட்' அப்படிப்பட்ட ஒரு முறை. உங்களுக்குக் கண்ணிமைக்கும் நேரம்தான் ஆகும். கோடிக்கணக்கில் ஊகித்துப் பார்ப்பவனுக்கோ அதுவே பெரும் சுமை.

'கடவுச்சொல் மறந்துவிட்டதா?' என்று அழுத்தினால் தளம் பழையதைச் சொல்லாமல் புதிது வைக்கச் சொல்வதும் இதனால்தான். பழையது அதனிடமே இல்லை. அதற்கான வழியை உங்கள் மின்னஞ்சலுக்கு அனுப்பும். முகவரி கொடுக்காமல் விட்டிருந்தால் விக்கிப்பீடியாக் கணக்கு போனது போனதுதான். மாறாக, ஒரு தளம் உங்கள் பழைய கடவுச்சொல்லையே மின்னஞ்சலில் அனுப்பினால், அது படிக்கும் நிலையில் வைத்திருக்கிறது என்று பொருள். அதே கடவுச்சொல்லை வேறெங்கெல்லாம் வைத்திருக்கிறீர்களோ, அங்கெல்லாம் உடனே மாற்றுங்கள்.

படி 4: டோக்கன்

தங்கையின் கேள்விக்கு இங்கேதான் பதில். இணையத்தில் ஒவ்வொரு பக்கக் கோரிக்கையும் தனித்தனி. போன நொடி வந்தவர் யாரென்று தளத்துக்கு நினைவிருக்காது. இதற்காக 1994இல் நெட்ஸ்கேப் நிறுவனத்தின் லூ மாண்டுலி கொண்டுவந்ததுதான் குக்கீ. கோயில் வாசலில் செருப்பை விட்டால் டோக்கன் தருவார்கள். திரும்பி வரும்போது முகத்தைப் பார்ப்பதில்லை, டோக்கனைத்தான் பார்ப்பார்கள். புகுபதிகை முடிந்ததும் தளம் உங்கள் பிரவுசரிடம் அப்படி ஒரு டோக்கனைத் தருகிறது. அதன்பின் ஒவ்வொரு சொடுக்கிலும் கடவுச்சொல் போவதில்லை, அந்த டோக்கன்தான் போகிறது.

செய்துபாருங்கள். உள்ளே இருக்கும்போதே கண்ட்ரோல், ஷிஃப்ட், என் மூன்றையும் சேர்த்து அழுத்தி இன்காக்னிட்டோ ஜன்னலைத் திறந்து, அதில் விக்கிப்பீடியாவுக்குப் போங்கள். அதே கணினி, அதே இணைப்பு, அதே ஆள். ஆனாலும் தளத்துக்கு உங்களைத் தெரியாது, ஏனென்றால் அந்த ஜன்னலிடம் டோக்கன் இல்லை. பழைய ஜன்னலில் எஃப்12 அழுத்தி, 'அப்ளிகேஷன்' பகுதியில் 'குக்கீஸ்' என்பதைத் திறந்தால் டோக்கன்களை நேரிலேயே பார்க்கலாம். யார் கேட்டாலும் அந்த எழுத்துகளை நகலெடுத்துக் கொடுக்காதீர்கள். கொடுத்தால் அவர்தான் நீங்கள்.

2010இல் ஃபயர்ஷீப் என்ற பிரவுசர் நீட்சி இதைத்தான் எல்லாருக்கும் காட்டியது. அப்போது பல பெரிய தளங்கள் புகுபதிகைப் பக்கத்தை மட்டும் பூட்டிவிட்டு மற்றப் பக்கங்களைத் திறந்தே விட்டிருந்தன. பொது வைஃபையில் பக்கத்து மேசைக்காரரின் டோக்கனைப் பிடித்து, கடவுச்சொல் தெரியாமலே ஒரு சொடுக்கில் அவர் கணக்குக்குள் போக முடிந்தது.

படி 5: உள்ளே வந்தாலும் எல்லாக் கதவும் திறக்காது

விக்கிப்பீடியாவின் முதற்பக்கத்தைத் தொகுக்க முயலுங்கள். உங்களை அதற்குத் தெரியும், ஆனால் புதுக் கணக்குக்கு அந்த அனுமதி இல்லை. நீங்கள் யார் என்பது ஒரு சோதனை, உங்களுக்கு என்ன உரிமை என்பது தனிச் சோதனை.

படி 6: டோக்கனைத் திருப்பிக் கொடுங்கள்

பிரவுசரை மூடினால் டோக்கன் அழியும் என்று நம்ப முடியாது. பல தளங்களின் டோக்கன்கள் வாரக்கணக்கில் செல்லும். விடுபதிகை செய்தால்தான் தளம் அதை ரத்து செய்யும். கடவுச்சொல்லை மாற்றினால் சில தளங்கள் பழைய டோக்கன்களையும் ரத்து செய்யும், சில செய்யாது. இரண்டாவது சரிபார்ப்பாகக் கேட்கும் ஆறு இலக்க எண்ணும் இங்கே உதவாது, அது டோக்கன் வாங்கும்போது மட்டும்தான் கேட்கப்படும்.

அன்று தங்கையின் கைப்பேசியில் அவள் மின்னஞ்சலின் பாதுகாப்பு அமைப்புகளைத் திறந்தோம். அவள் கணக்கு திறந்திருந்த சாதனங்களின் பட்டியல் அங்கே இருந்தது. அவளுடைய கைப்பேசி, எங்கள் வீட்டுக் கணினி, கல்லூரி நூலகக் கணினி, அந்தப் பிரவுசிங் சென்டர். கடைசி இரண்டையும் அவளே வெளியேற்றினாள்.