ஸ்னோஃப்ளேக்கில் விற்பனைத் தரவின் ஓட்டத்தைத் தானியக்கமாக்கும் முறை

பல ஊர்களில் கிளைகள் வைத்திருக்கும் ஒரு சில்லறை வணிக நிறுவனத்தை எடுத்துக்கொள்வோம். ஒவ்வொரு கிளையின் பில்லிங் மென்பொருளும் அன்றைய விற்பனையை இரவில் ஒரு சிஎஸ்வி (காற்புள்ளியால் பிரித்த உரை) கோப்பாக அமேசானின் எஸ்3 சேமிப்பகத்தில் வைக்கிறது. மறுநாள் காலை 9 மணிக்குள் கிளைவாரியான விற்பனை அறிக்கை தயாராக இருக்க வேண்டும். இந்த வேலை ஸ்னோஃப்ளேக் என்னும் தரவுக் கிடங்கில் ஆள் கை படாமல் நடக்கும்படி அமைப்பதற்கான வழிமுறையை இங்கே காண்போம். குறித்த நேரத்தில் ஒரு கட்டளையை ஓடவைப்பது இதில் மிக எளிய பகுதி. ஒரே கோப்பு இருமுறை வந்தாலும், ஒரு படி பாதியில் நின்று மறுபடி ஓடினாலும், ஒரு கிளையின் கணக்கு நான்கு நாள் தாமதமாக வந்து சேர்ந்தாலும் இறுதித் தொகை பிசகாதபடி ஒவ்வொரு படியையும் கட்டுவதே கடினமான பகுதி. கீழே சொல்லப்படும் தேர்வுகள் பெரும்பாலும் அந்த நோக்கத்தை ஒட்டியே அமைகின்றன.

கணக்கு, அனுமதி, நேர மண்டலம்

ஸ்னோஃப்ளேக் கணக்கை, எஸ்3 பக்கெட் (கோப்புகளை வைக்கும் கொள்கலன்) இருக்கும் அதே வட்டாரத்தில் திறப்பது நல்லது. பக்கெட் மும்பையில் இருந்தால் கணக்கும் மும்பையிலேயே இருக்கட்டும். வட்டாரம் விட்டு வட்டாரம் தரவை நகர்த்துவதற்கு அமேசான் தனிக் கட்டணம் வாங்குகிறது.

பக்கெட்டைப் படிக்கும் அனுமதிக்கு, அமேசானின் ரகசியச் சாவியை எந்த நிரலிலும் எழுதி வைக்கத் தேவையில்லை. ‘ஸ்டோரேஜ் இன்டகிரேஷன்’ என்ற பொருளை உருவாக்கினால், ஸ்னோஃப்ளேக் தன் பக்கத்து ஐஏஎம் (அமேசானின் அனுமதி மேலாண்மைச் சேவை) பயனரின் அடையாளத்தையும் ஓர் எக்ஸ்டர்னல் ஐடியையும் தரும். அவ்விரண்டையும் உங்கள் அமேசான் கணக்கில் உள்ள ஐஏஎம் ரோலின் டிரஸ்ட் பாலிசியில் (அந்த ரோலை யார் ஏற்கலாம் என்னும் விதியில்) சேர்த்துவிட்டால் சாவி இல்லாமலே வாசல் திறக்கும். வெளியிலிருந்து ஸ்னோஃப்ளேக்குக்குள் நுழையும் தானியங்கி நிரல்களுக்கு, மனிதர்களின் பயனர் பெயரைக் கடன் கொடுக்காமல், சர்வீஸ் வகைப் பயனர் ஒன்றை உருவாக்கி, கடவுச்சொல்லுக்குப் பதிலாகச் சாவி இணை (ஒரு பொதுச் சாவியும் ஒரு ரகசியச் சாவியும்) மூலம் அடையாளம் காட்டும்படி செய்ய வேண்டும். 2024இல் பல நிறுவனங்களின் ஸ்னோஃப்ளேக் கணக்குகளுக்குள், வேறெங்கோ திருடப்பட்ட பயனர் பெயரையும் கடவுச்சொல்லையும் மட்டுமே கொண்டு அந்நியர்கள் நுழைந்தார்கள் என்பதையும், அக்கணக்குகளில் இரண்டாம் கட்டச் சரிபார்ப்பு இல்லை என்பதையும் நினைத்தால் இந்தக் கூடுதல் வேலை வீணாகத் தோன்றாது.

நேர மண்டலத்தைப் பலரும் மறந்துவிடுகிறார்கள். புதிய கணக்கின் இயல்பான நேர மண்டலம் அமெரிக்காவின் லாஸ் ஏஞ்சலஸ் நேரம். அது இந்திய நேரத்துக்குக் கோடையில் 12:30 மணி நேரமும் குளிர்காலத்தில் 13:30 மணி நேரமும் பின்தங்கியது. ஆகவே சென்னையில் காலை 9 மணிக்கு ‘கரண்ட் டேட்’ (இன்றைய தேதி) என்று கேட்டால் முந்தைய நாளின் தேதியே விடையாக வரும். ‘நேற்றைய விற்பனை’ என்று எழுதிய அறிக்கை அதற்கும் முந்தைய நாளின் விற்பனையைக் காட்டும். கணக்கு அளவிலேயே நேர மண்டலத்தை ஏசியா/கொல்கத்தா என்று மாற்றிவிட்டுத்தான் மற்ற வேலைகளைத் தொடங்க வேண்டும்.

கோப்பு உள்ளே வரும் வழி

எஸ்3இல் உள்ள கோப்புகளை ஏற்ற இரண்டு வழிகள் உள்ளன. ‘காப்பி இன்டு’ கட்டளையைக் குறித்த நேரத்தில் ஓட்டலாம்; அல்லது ஸ்னோபைப்பை அமைத்து, எஸ்3இல் கோப்பு விழுந்ததும் அமேசான் அனுப்பும் எஸ்க்யூஎஸ் (செய்தி வரிசைச் சேவை) அறிவிப்பைக் கேட்டு அதுவே ஏற்றும்படி விடலாம். நாளுக்கு ஒருமுறை, தெரிந்த நேரத்தில் வரும் கோப்புகளுக்குக் காப்பி இன்டு போதும். கிளைகள் வெவ்வேறு நேரங்களில் மூடப்பட்டு, கோப்புகள் இரவெல்லாம் சொட்டுச் சொட்டாக வருமானால் ஸ்னோபைப் பொருத்தம். எந்த வழியானாலும் சுருக்கிய நிலையில் ஒரு கோப்பு 100 முதல் 250 எம்பி வரை இருப்பது உகந்தது என்பது ஸ்னோஃப்ளேக்கின் பரிந்துரை. கிளைக் கோப்புகள் அதைவிட மிகச் சிறியவையாகவே இருக்கும், அதனால் பாதகமில்லை. பில் ஒன்றுக்கு ஒரு கோப்பு என்று உடைக்காமல் இருந்தால் போதும்.

இவ்விரு வழிகளும் ஏற்கெனவே ஏற்றிய கோப்புகளை நினைவில் வைத்திருக்கின்றன; ஆனால் நினைவில் வைக்கும் விதம் வேறு. காப்பி இன்டு 64 நாட்கள் வரை நினைவில் வைத்திருக்கும். அதே பெயரில் உள்ளடக்கம் மாறிய கோப்பு வந்தால் அதைப் புதிய கோப்பாகக் கருதி மீண்டும் ஏற்றிவிடும். ஸ்னோபைப் 14 நாட்கள் நினைவில் வைத்திருக்கும். உள்ளடக்கம் மாறியிருந்தாலும் பெயர் அதுவேயானால் ஓசையின்றித் தாண்டிச் செல்லும். ஒரு கிளை தன் தவறைத் திருத்தி, அதே பெயரில் கோப்பை மறுபடி வைத்தால், முதல் வழியில் வரிகள் இரட்டிக்கும். இரண்டாம் வழியில் திருத்தம் வந்து சேரவே சேராது. எனவே கிளைக் குறியீடு, விற்பனைத் தேதி, கோப்பு உருவான நேரம் மூன்றும் பெயரில் இருக்க வேண்டும் என்றும், ஒருமுறை வைத்த கோப்பின் மேல் இன்னொன்றை எழுதக் கூடாது என்றும் பில்லிங் மென்பொருள் தருபவரிடம் முதல் நாளே எழுத்தில் ஒப்புதல் பெற்றுவிடுங்கள்.

கோப்பு முதலில் விழும் அட்டவணையில் எல்லாப் பத்திகளையும் வெறும் உரையாகவே வைப்பதை வலியுறுத்துவேன். தேதி, தொகை போன்ற வகைகளை இங்கேயே கட்டாயப்படுத்தினால் ஒரு கெட்ட வரியால் முழுக் கோப்பும் நின்றுவிடும். அத்துடன் கோப்பின் பெயர், கோப்புக்குள் வரியின் எண், ஏற்றிய நேரம் ஆகிய மூன்றையும் ஒவ்வொரு வரியோடும் சேமியுங்கள். முதல் இரண்டையும் ஸ்னோஃப்ளேக் மெட்டாடேட்டாப் பத்திகளாகத் தானே தருகிறது. ‘இந்தத் தொகை எங்கிருந்து வந்தது?’ என்று கணக்குப் பிரிவு கேட்கும் நாளில் பதில் சொல்ல இவை இல்லாமல் முடியாது.

தேதியில் ஒரு பொறி இருக்கிறது. நம் பில்லிங் மென்பொருள்கள் நாள்/மாதம்/ஆண்டு என்றே எழுதுகின்றன. வடிவத்தைச் சொல்லாமல் விட்டால், சாய்கோடு இட்ட தேதியை ஸ்னோஃப்ளேக் மாதம்/நாள்/ஆண்டு என்று படிக்கும். 03/04/2025 என்ற ஏப்ரல் 3, மார்ச் 4 ஆகிவிடும். பிழைச் செய்தி எதுவும் வராது. மாதத்தின் 12ஆம் நாள் வரை இப்படியே போய், 13ஆம் நாள்தான் முதல் பிழை தென்படும். உரையைத் தேதியாக மாற்றும் ஒவ்வோர் இடத்திலும் வடிவத்தை வெளிப்படையாக எழுதுவதும், மாற்ற முடியாதபோது பிழைக்குப் பதில் வெற்று மதிப்பைத் தரும் ‘ட்ரை டு டேட்’ கொண்டு மாற்றி, மாறாத வரிகளைத் தனி அட்டவணையில் ஒதுக்கி வைப்பதும் இதற்குத் தீர்வு.

சேர்த்தலும் கணக்கிடலும்

விழும் அட்டவணையின் மேல் ஒரு ஸ்ட்ரீமை உருவாக்குங்கள். புத்தகத்தில் வைத்த அடையாளத் தாளைப் போல, எதுவரை படித்தாயிற்று என்பதை மட்டும் அது குறித்து வைத்திருக்கும். புதிய வரிகள் சேர்வது மட்டுமே நடக்கும் அட்டவணை என்பதால் ‘அப்பெண்ட் ஒன்லி’ வகை ஸ்ட்ரீம் போதும். ஸ்ட்ரீமை வெறுமனே செலக்ட் செய்து பார்த்தால் அடையாளம் நகராது. அதிலிருந்து எடுத்து இன்னோர் அட்டவணையில் எழுதும் பரிவர்த்தனை (முழுதாக நடக்கும் அல்லது ஒன்றுமே நடக்காத கட்டளைத் தொகுதி) வெற்றியாக முடிந்தால்தான் நகரும். பாதியில் பிழை வந்தால் அடுத்த ஓட்டம் அதே வரிகளிலிருந்தே தொடங்கும். மறு ஓட்டத்துக்கான பாதுகாப்பின் பாதி இதிலேயே கிடைத்துவிடுகிறது. ஒரே ஸ்ட்ரீமை இரண்டு வேலைகள் பங்கிட்டுக்கொள்ளக் கூடாது. ஒன்று படித்து முடித்தால் மற்றதற்கு எதுவும் மிஞ்சாது.

மறு பாதிக்கு நாமே பொறுப்பு. ஸ்னோஃப்ளேக்கின் வழக்கமான அட்டவணைகளில் பிரைமரி கீ (ஒவ்வொரு வரிக்கும் தனித்த அடையாளம்) என்று எழுதலாம். ஆனால் அது கட்டாயமாக்கப்படுவதில்லை. ஒரே பில் எண் இருமுறை வந்தால் இரண்டையும் மறுப்பின்றி வாங்கிக்கொள்ளும். பிற தரவுத்தளங்களில் பழகிய கைகளுக்கு இது அதிர்ச்சியாக இருக்கும். ஆகவே கிளைக் குறியீடு, பில் எண், வரி எண் மூன்றையும் சேர்த்து ஒரு திறவுகோலாகக் கொண்டு ‘மெர்ஜ்’ கட்டளையால் (இருக்கும் வரியைத் திருத்தி, இல்லாததைச் சேர்ப்பது) விற்பனை அட்டவணையில் சேர்க்க வேண்டும். மெர்ஜ் மட்டும் போதுமா என்றால், போதாது: இலக்கு அட்டவணையில் இல்லாத ஒரு பில் வரி, வரும் தொகுதியிலேயே இருமுறை இருந்தால், மெர்ஜ் இரண்டையுமே புதியவை என்று சேர்த்துவிடும். எனவே மெர்ஜுக்குள் போகும் முன்பே ‘குவாலிஃபை’ பிரிவில் வரிகளுக்கு வரிசை எண் இடும் ‘ரோ நம்பர்’ பயன்படுத்தி, ஒவ்வொரு திறவுகோலுக்கும் கடைசியாக உருவான கோப்பின் வரியை மட்டும் வடிகட்டி எடுங்கள். எது கடைசி என்பதைக் கோப்பு உருவான நேரத்தைக் கொண்டே முடிவு செய்ய வேண்டும். ஏற்றிய நேரத்தை நம்பினால், பழைய கோப்பு ஒன்றை மறுபடி ஏற்றும் நாளில் அது புதிய திருத்தத்தின் மேல் ஏறி உட்கார்ந்துவிடும். இதே நிபந்தனை மெர்ஜின் அப்டேட் பிரிவிலும் இருக்கட்டும்.

நாள்வாரிச் சுருக்க அட்டவணையை ‘நேற்று’ என்ற தேதியை வைத்துக் கணக்கிடுவது பரவலான பழக்கம்; இணையம் துண்டிக்கப்பட்ட கிளையின் கோப்பு நான்கு நாள் கழித்து வரும்போது அந்தப் பழக்கம் பொய்த்துவிடும். வந்த தொகுதியில் எந்தெந்தக் கிளைக்கு எந்தெந்த விற்பனைத் தேதிகள் இருக்கின்றன என்று பார்த்து, அவற்றுக்கான சுருக்க வரிகளை முழுவதும் நீக்கி, விற்பனை அட்டவணையிலிருந்து மறுபடி கணக்கிட்டு எழுதுவதே சரியான முறை. ஸ்ட்ரீமிலிருந்து தற்காலிக அட்டவணைக்கு எடுப்பது, மெர்ஜ், நீக்கம், மறு எழுத்து ஆகிய நான்கும் ஒரே பரிவர்த்தனைக்குள் அடங்க வேண்டும். தற்காலிக அட்டவணையை உருவாக்கும் கட்டளையை பரிவர்த்தனையைத் தொடங்கும் ‘பிகின்’ என்பதற்கு முன்பே எழுதிவிடுங்கள். பரிவர்த்தனைக்கு நடுவில் வரும் டிடிஎல் கட்டளை (அட்டவணை போன்றவற்றை உருவாக்கும் அல்லது மாற்றும் கட்டளை), அதுவரை நடந்தவற்றை அங்கேயே கமிட் செய்து நிலைப்படுத்திவிடும்.

இவை அனைத்தையும் ஒரு ஸ்டோர்டு புரொசீஜரில் (கிடங்குக்குள் சேமித்த நிரலில்) வைத்து, அதை ஒரு டாஸ்க் (குறித்த நேரத்தில் ஓடும் வேலை) அழைக்கும்படி செய்யலாம். டாஸ்க்கின் ‘வென்’ பிரிவில் ஸ்ட்ரீமில் தரவு உண்டா என்ற நிபந்தனையை எழுதினால், ஒன்றும் வராத வேளைகளில் ஓட்டம் தாண்டப்படும். கணிப்புத் திறனுக்குச் செலவும் ஏற்படாது. நேரத்தைக் கிரான் வடிவில் (ஓடும் நேரங்களைக் குறிக்கும் குறியீட்டு முறையில்) எழுதும்போது நேர மண்டலத்தையும் சேர்த்தே எழுத வேண்டும். ஒரு டாஸ்க் புதிதாக உருவாகும்போது நிறுத்திவைக்கப்பட்ட நிலையிலேயே இருக்கும். ‘ரெஸ்யூம்’ சொன்ன பிறகுதான் ஓடும். ‘கிரியேட் ஆர் ரீப்ளேஸ்’ மூலம் திருத்தினாலும் அப்படியே. அதே கட்டளையை விழும் அட்டவணையின் மீது ஏவினால் விளைவு இன்னும் கடுமை: அட்டவணையின் வரலாறு அழிந்து, அதன் மேல் இருக்கும் ஸ்ட்ரீம் பயனற்றதாகிவிடும். அட்டவணையில் பத்தி சேர்க்க வேண்டுமானால் ‘ஆல்டர்’ மட்டுமே.

வெறும் சேர்க்கைகளும் கூட்டல்களும் மட்டுமே தேவைப்படும் இடங்களில் டைனமிக் டேபிள் போதும். எவ்வளவு தாமதம் ஏற்கத்தக்கது என்று சொல்லிவிட்டால் புதுப்பித்தலை ஸ்னோஃப்ளேக்கே பார்த்துக்கொள்ளும். கிடங்குக்கு வெளியே உள்ள வேலைகளையும் வரிசைப்படுத்த வேண்டிய நிலை வந்த பிறகு ஏர்ஃப்ளோ போன்ற கருவியை நினைக்கலாம். அதற்கு முன் அதை நிறுவுவது பராமரிக்க இன்னொரு சுமையைச் சேர்ப்பதாகவே முடியும்.

கண்காணிப்பும் சோதனையும்

பிழை எழுந்தால் மின்னஞ்சல் வரும்படி செய்வது அனைவருக்கும் தெரிந்ததே. ஆனால் கோப்பே வராத இரவில் எந்தப் பிழையும் எழாது. அதேபோல், தொடர்ந்து 10 முறை தோற்ற டாஸ்க்கை ஸ்னோஃப்ளேக் இயல்பாகவே நிறுத்திவிடும். அதன் பிறகு நிலவும் அமைதியை நலம் என்று எண்ணிவிடக் கூடாது. எனவே காலை 7 மணிக்கு, திறந்திருக்க வேண்டிய கிளைகளின் பட்டியலோடு வந்து சேர்ந்த கிளைகளை ஒப்பிட்டு, வராதவற்றின் பெயரை அனுப்பும் ஓர் அலர்ட்டைத் தனியாக அமையுங்கள். கிளைக் கோப்பின் கடைசி வரியில் மொத்த வரிகளும் மொத்தத் தொகையும் இருக்கும்படி செய்ய முடிந்தால், ஏற்றியதன் கூட்டுத்தொகையை அதோடு ஒப்பிடுவது வேறெந்தச் சோதனையையும்விட நம்பகமானது.

வெளியிடும் முன், தரவுத்தளத்தை குளோன் செய்து அங்கே சோதியுங்கள். குளோன் எடுப்பதற்குத் தரவு நகலெடுக்கப்படுவதில்லை என்பதால் நேரமும் இடமும் மிச்சம். ஏற்கெனவே ஏற்றிய ஒரு கோப்பைக் காப்பி இன்டுவின் ‘ஃபோர்ஸ்’ விருப்பத்துடன் மறுபடி ஏற்றி, முழு ஓட்டத்தையும் நடத்துங்கள். விழும் அட்டவணையில் வரிகள் கூடியிருக்கும். விற்பனை அட்டவணையிலும் சுருக்கத்திலும் ஒரு ரூபாயும் மாறியிருக்கக் கூடாது.

செலவு

ஸ்னோஃப்ளேக்கில் ‘வேர்ஹவுஸ்’ எனப்படுவது கணிப்புத் திறன். சேமிப்புக்குக் கட்டணம் தனி. மிகச் சிறிய எக்ஸ்-ஸ்மால் அளவு முழு மணி நேரம் ஓடினால் 1 கிரெடிட் (ஸ்னோஃப்ளேக்கின் கட்டண அலகு). ஒவ்வொரு பெரிய அளவும் அதற்கு முந்தையதைப் போல் இரு மடங்கு. கட்டணம் நொடிக் கணக்கில் என்றாலும், ஒவ்வொரு முறை விழித்தெழும்போதும் குறைந்தது 60 நொடிகள் கணக்காகும். எஸ்க்யூஎல் வழியே உருவாக்கும் வேர்ஹவுஸ் இயல்பாக 600 நொடிகள் சும்மா இருந்த பிறகே உறங்கும். ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை ஐந்து நொடி வேலை செய்யும் டாஸ்க்கை அதில் ஓட்டினால் வேர்ஹவுஸ் உறங்கவே உறங்காது; நாளுக்கு 24 கிரெடிட் போகும். உறங்கும் நேரத்தை 60 நொடியாகக் குறைத்தால் ஏறத்தாழ 5 கிரெடிட். அதே டாஸ்க்கை மணிக்கு ஒருமுறை ஆக்கினால் அரை கிரெடிட்டைச் சுற்றி நிற்கும். காலை 9 மணி அறிக்கைக்கு ஐந்து நிமிடப் புதுப்பிப்பு தேவையில்லை என்பதை மேலாளரிடம் இந்தக் கணக்கைக் காட்டியே புரியவைக்கலாம். மாத வரம்பு வைக்க ரிசோர்ஸ் மானிட்டர் உதவும். ஆயினும் அது நாம் உருவாக்கிய வேர்ஹவுஸ்களை மட்டுமே கட்டுப்படுத்தும் என்பதால், ஸ்னோபைப் போன்ற சர்வர்லெஸ் (ஸ்னோஃப்ளேக்கே இயக்கும்) சேவைகளின் செலவைக் கவனிக்கத் தனியே ஒரு பட்ஜெட் அமைக்க வேண்டும்.