ஸ்கோன் ஏன் கல்லாகிறது?

வேலூரில் ஸ்கோன் (டீயோடு சாப்பிடும், ஓவனில் சுட்ட சின்ன ரொட்டி) சொதப்புவதற்குப் பாதிக் காரணம் வெயில், மீதி சப்பாத்தி பிசைந்து பழகிய கை.

முதலில் வெயிலைப் பார்ப்போம். ஸ்கோன் எழும்புவதற்கு பேக்கிங் பவுடர் மட்டும் போதாது. மாவுக்குள் சின்னச் சின்னத் துண்டாகக் கிடக்கும் குளிர்ந்த வெண்ணெய் ஓவன் சூட்டில் உருகி, அதிலுள்ள தண்ணீர் ஆவியாகி மாவைத் தூக்க வேண்டும். வெண்ணெய் 35 டிகிரிக்குள் முழுக்க உருகிவிடும். அக்னி நட்சத்திரத்தில் நம் ஊரில் வெயில் 40-ஐத் தாண்டும், அடுப்படியைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். கேக்குக்குச் செய்வதுபோல வெண்ணெயை வெளியில் வைத்து இளகவிட்டால், அது மாவோடு ஒன்றாகக் கலந்துவிடும். ஸ்கோன் தட்டில் பரவி, எண்ணெய் கக்கிய பிஸ்கட் மாதிரி வந்து நிற்கும்.

250 கிராம் மைதாவுக்கு 60 கிராம் வெண்ணெய் போதும். சின்னத் துண்டுகளாக நறுக்கி ஃப்ரீசரில் கால் மணி நேரம் வையுங்கள். மைதா, 3 டீஸ்பூன் பேக்கிங் பவுடர், 40 கிராம் சர்க்கரை கலந்த பாத்திரத்தையும் ஃப்ரிட்ஜில் வையுங்கள். உப்பு வெண்ணெய் என்றால் தனியாக உப்பு வேண்டாம். விடியற்காலையில் செய்வது உத்தமம். வெண்ணெயை மாவில் பிசிறும்போது விரல் நுனி மட்டும் படட்டும், உள்ளங்கைச் சூடு ஆகாது. மாவு ரவை பதத்துக்கு வந்து, நடுநடுவே பச்சைப்பயறு அளவில் வெண்ணெய் தெரியும்போதே நிறுத்திவிடுங்கள்.

அடுத்தது கை. சுமார் 120 மில்லி குளிர்ந்த பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டு, மாவு ஒன்றுசேர்ந்ததும் கையை எடுத்துவிட வேண்டும். நமக்கோ அது வழவழப்பாகும்வரை மனசு ஆறாது. அடித்துப் பிசைந்தால் மைதாவில் இழுவை வந்து ஸ்கோன் இறுகிப்போகும். ஆற்காட்டில் மக்கன் பேடா போடுகிறவர்களுக்கு இது புதிதில்லை. அந்த மாவையும் அழுத்திப் பிசைந்தால் பேடா கெட்டியாகி, பாகு உள்ளே இறங்காது. மாவு கையில் லேசாக ஒட்டட்டும். அதற்காக மைதாவை மேலும் மேலும் தூவாதீர்கள்.

பூரிக்கட்டை வேண்டாம், கையாலேயே இரண்டரை சென்டிமீட்டர் கனத்துக்குத் தட்டுங்கள். மெல்லிசாகத் தட்டினால் மேலே எழும்ப வழியில்லை. எவர்சில்வர் டம்ளரால் வெட்டுவதும் தப்புதான். அதன் விளிம்பு மழுங்கலாக மடிந்திருக்கும். வெட்டுவதற்குப் பதில் ஓரத்தை அமுக்கி ஒட்டிவிடும், கூடவே நாம் திருகவும் திருகுவோம். ஒட்டிய ஓரம் எழும்பாமல் ஒரு பக்கமாகச் சாயும். நல்ல கத்தியால் நேராக அழுத்தி முக்கோணமாக வெட்டினால் இந்தத் தொல்லை இல்லை.

லாங்கு பஜாரில் வாங்கி வந்த திராட்சையை அப்படியே கொட்டாதீர்கள். காய்ந்த பழம் மாவின் ஈரத்தை உறிஞ்சும். வெந்நீரில் பத்து நிமிடம் ஊறவைத்து, துணியில் ஒற்றி, நன்றாக ஆறிய பிறகு சேருங்கள். முந்திரி, பாதாமை லேசாக வறுத்தால்தான் வாசனை வரும். ஆனால் வறுத்த சூட்டோடு போட்டால் இவ்வளவு நேரம் காப்பாற்றிய வெண்ணெய் உருகிவிடும். பழமும் பருப்பும் சேர்த்து 80 கிராமுக்கு மேல் போனால் ஸ்கோன் உதிரும். மேலே துருத்திக்கொண்டிருக்கும் திராட்சையை உள்ளே தள்ளிவிடுங்கள், கருகினால் கசக்கும். டூட்டி ஃப்ரூட்டி சர்க்கரைப் பாகில் ஊறியது என்பதால், அதைப் போட்டால் சர்க்கரையைக் குறையுங்கள். (என்னைக் கேட்டால் அதைப் போடவே வேண்டாம்.)

பேக்கிங் பவுடர் டப்பா எப்போது திறந்தது என்று நினைவில்லையா? ஒரு ஸ்பூன் எடுத்து வெந்நீரில் போடுங்கள். பொங்கி நுரைக்காவிட்டால் குப்பைக்குத்தான். அதற்குப் பதில் அதே அளவு சமையல் சோடா போட்டால் சோப்பு வாடைதான் வரும்.

ஓடிஜியை (வீட்டு மின்சார ஓவனை) 200 டிகிரியில் கால் மணி நேரம் முன்னரே சூடாக்கியிருக்க வேண்டும். மைக்ரோவேவ் என்றால் கன்வெக்ஷன் முறையில் வையுங்கள். 15 நிமிடத்தில் மேல்புறம் பொன்னிறமாகிவிடும். நடுவில் கரண்ட் போய்விடுமோ என்று பயமாக இருந்தால், வெட்டிய துண்டுகளை ஃப்ரீசரில் போட்டுவைத்து, வேண்டியபோது அப்படியே எடுத்துச் சுடலாம். சில நிமிடம் கூடுதலாகப் பிடிக்கும், அவ்வளவுதான்.