ஊழியர் கருத்துக்கணிப்பு: பெயர் கேட்காவிட்டால் மட்டும் போதாது

எம்.பி.ஏ. முடித்து ஹெச்.ஆர். வேலைக்கு வரும் பிள்ளைகளின் தலையில் முதல் வருடமே கட்டப்படுவது ஊழியர் கருத்துக்கணிப்பு. 'ஒரு தடவை பார்த்துச் சொல்லுங்க சார்' என்று அவர்கள் அனுப்பும் படிவத்தைத் திறந்தால், அந்த வயதில் நாங்கள் செய்த அதே கோளாறுகள் வரிசை மாறாமல் நிற்கின்றன. எழுத்துப்பிழை, எண்பது கேள்வி மாதிரி சமாசாரங்களை நான் சொல்லத் தேவையில்லை. தொழிலாளர்களே முகத்துக்கு நேராகச் சொல்லிவிடுவார்கள்.

ஒரே வரியில் இரண்டு கேள்வி

'சம்பளமும் கேண்டீன் வசதியும் திருப்தியாக உள்ளனவா?' சம்பளம் பரவாயில்லை, சாம்பார்தான் தண்ணீர் என்று நினைப்பவர் எங்கே டிக் போடுவார்? நடுவில் 3 போட்டுவிட்டுப் போவார். அந்த 3-ஐ வைத்துச் சம்பளத்தை உயர்த்துவதா, சமையல்காரரை மாற்றுவதா? அமெரிக்க உளவியலாளர் ரென்சிஸ் லைக்கர்ட் 1932-இல் கொடுத்த ஐந்து படி அளவுகோலைத்தான் (1 என்றால் 'ஒத்துக்கொள்ளவே மாட்டேன்', 5 என்றால் 'முழுக்க ஒத்துக்கொள்கிறேன்') இன்றும் எல்லோரும் எடுத்தாள்கிறோம். ஒரு வாக்கியத்தில் ஒரே விஷயம் இருந்தால்தான் அது வேலை செய்யும்.

தீபாவளிக்கு முன்பு நடத்துவது

போனஸ் 8.33 சதவீதமா, 20 சதவீதமா என்று பேச்சுவார்த்தை ஓடும்போது படிவத்தை நீட்டினால், கேண்டீன் கேள்விக்கும் போனஸ்தான் பதில்.

பெயர் இல்லை, ஆள் தெரியும்

இதுதான் எனக்கு இன்றும் எரிச்சல் மூட்டுவது. படிவத்தின் உச்சியில் கொட்டை எழுத்தில் 'உங்கள் பெயர் தேவையில்லை' என்று போட்டிருப்பார்கள். அதற்குக் கீழேயே துறை, ஷிஃப்ட், ஆணா பெண்ணா, வயது, எத்தனை வருட சர்வீஸ், சொந்த மாவட்டம். இரண்டாவது ஷிஃப்டில், டூல் ரூமில், பதினைந்து வருட சர்வீஸ் உள்ளவர் ஒரே ஆள்தான் என்றால் பெயர் எதற்கு?

இதைச் சொன்னால், 'ஐந்து பேருக்குக் குறைவான குழுவின் மார்க்கை ரிப்போர்ட்டில் காட்ட மாட்டோம் சார்' என்பார்கள். சரி, நல்ல விதிதான். ஓசூர் பக்கம் ஒரு உதிரிபாகத் தொழிற்சாலையில் அதையும் கடைப்பிடித்தார்கள். தரப் பரிசோதனை லேபில் ஒன்பது பேர்; எட்டு ஆண்கள், ஒரு பெண். 'என் மேலாளர் பாரபட்சம் பார்ப்பதில்லை' என்ற வரிக்கு லேபின் சராசரி 3.67. ஆண்கள் 4.00. பெண்கள் என்ற கட்டத்தில் வெறும் கோடு. லேப் மேலாளர் கூட்டத்தில் உட்கார்ந்தபடியே போனில் கால்குலேட்டரைத் திறந்தார். ஒன்பதை 3.67-ஆல் பெருக்கினால் 33 சொச்சம். எட்டை நான்கால் பெருக்கினால் 32. அந்தப் பெண் போட்டது 1.

அவரிடம் யாரும் எதுவும் கேட்கவில்லை. அடுத்த மாதம் 'நிர்வாக வசதிக்காக' ஸ்டோருக்கு மாற்றினார்கள். மறு வருடம் அந்த ஆலையில் எந்தப் படிவத்தைப் புரட்டினாலும் மேலிருந்து கீழ்வரை நான்கு, நான்கு, நான்கு. ஆலோசனைக் கட்டணம், லைனை நிறுத்திவைத்த நேரம், எல்லாம் தண்டம். ரிப்போர்ட் தயாரித்தவர்களோ, 'பெண்கள் கட்டத்தை மறைத்துத்தானே கொடுத்தோம்' என்று சாதித்தார்கள்.

ஒரு கட்டத்தை மறைத்தால், கழித்துப் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாதபடி அதோடு சேர்ந்த இன்னொன்றையும் மறைக்க வேண்டும். அந்தத் தலைவலி வேண்டாமென்றால் ஆண், பெண் பிரிவை ஆலை மொத்தத்துக்கு மட்டும் காட்டுங்கள். எதற்கும் பயன்படுத்தப் போகாத விவரத்தைக் கேட்கவே கேட்காதீர்கள். சொந்த மாவட்டம் எதற்கு என்று விசாரித்தால், போன வருடப் படிவத்திலும் இருந்ததாம். அப்புறம், கடைசிப் பக்கத்தில் கைப்பட எழுதும் கருத்துகளை எழுதியபடியே தட்டச்சு செய்து மேலாளரிடம் கொடுப்பது. 'நான் ப்ரெஸ் ஷாப்ல இருந்து இங்க வந்தப்போ' என்ற ஒரு வரி போதும், ஆள் சிக்கிவிடுவார். சாரத்தைத் தொகுத்துக் கொடுங்கள்.

படிவத்தைச் சூப்பர்வைசர் வாங்குவது

கூடாது. பூட்டிய பெட்டி வையுங்கள்.

98 சதவீதம் பேர் பதில் தந்தார்கள் என்று குதூகலிப்பது

யாரோ லைனில் நின்று விரட்டியிருக்கிறார்களா என்று முதலில் விசாரியுங்கள்.

ஒப்பந்தத் தொழிலாளர்களை விட்டுவிடுவது

பக்கத்துப் பக்கத்து மெஷினில் ஒரே வேலை. ஒருவருக்குப் படிவம் உண்டு, மற்றவருக்குக் கிடையாது. சேர்த்தால் நாளைக்கு நிரந்தரம் கேட்பார்கள் என்று நிர்வாகம் தயங்கும். எப்படியோ சம்மதிக்க வைத்தாலும், ஒடிசா, பீகார் பிள்ளைகள் கையில் தமிழ்ப் படிவத்தைக் கொடுத்து, பக்கத்தில் இருப்பவர் சொல்லச் சொல்ல டிக் அடிக்க வைக்கும் கூத்தும் நடக்கிறது. இந்தியிலும் ஒடியாவிலும் அச்சடிக்க ஆகும் செலவு பெரிதில்லை. சேர்க்கவே முடியாது என்று நிர்வாகம் பிடிவாதமாக நின்றால், இது நிரந்தரத் தொழிலாளர்களின் கருத்து மட்டுமே என்று ரிப்போர்ட்டின் முதல் பக்கத்திலேயே போட்டுவிடுங்கள்.