போர்ச் செய்தி படிக்கையில் நாம் சறுக்கும் இடங்கள்

'இரண்டு இடத்தில் வந்துவிட்டதே, பொய்யா இருக்கும்?' என்று நம்புவதுதான் பெரிய தவறு. 2002 செப்டம்பர் 8, ஞாயிற்றுக்கிழமை. அணுகுண்டு செய்ய இராக் அலுமினியக் குழாய்கள் வாங்கப் பார்க்கிறது என்று நியூயார்க் டைம்ஸ் முதல் பக்கத்தில் செய்தி. சொன்னவர்கள் பெயர் வெளியிட விரும்பாத அமெரிக்க அதிகாரிகள். அன்று காலையே துணை அதிபர் டிக் செனி தொலைக்காட்சியில் தோன்றி, அதே செய்தியை எடுத்துக்காட்டிப் பேசினார். அரசு தரப்பில் கசிந்ததைப் பத்திரிகை அச்சிட்டது. அச்சானதை அரசே ஆதாரமாகக் காட்டியது. பார்ப்பவருக்கு இரண்டு சாட்சி. இருந்தது ஒரே வாய்.

அவை ராக்கெட்டுக்கான குழாய்கள் என்று அமெரிக்க எரிசக்தித் துறை வல்லுநர்கள் முன்பே சொல்லியிருந்தார்கள். நைட் ரிடர் என்ற அமெரிக்கப் பத்திரிகைக் குழுமத்தின் நிருபர்களும் அரசின் வாதத்தைச் சந்தேகித்து எழுதினார்கள். என்ன செய்ய, வாஷிங்டனிலோ நியூயார்க்கிலோ அந்தக் குழுமத்துக்குப் பத்திரிகை இல்லை. 2003 மார்ச்சில் போர் தொடங்கியது. தன் செய்திகளில் குறை இருந்ததை டைம்ஸ் ஒப்புக்கொண்டது 2004 மே 26 அன்று, பத்தாம் பக்கத்தில். திருத்தம் எந்தப் பக்கத்தில் வருகிறது என்று யாரும் தேடுவதில்லை. அதுவும் நம் தவறுதான்.

கண்ணீரைக் கண்டதும் கேள்வி கேட்க மறந்துவிடுகிறோம். 1990 அக்டோபரில், இராக் பிடித்திருந்த குவைத்தில் அதன் வீரர்கள் இன்குபேட்டரிலிருந்து குழந்தைகளை எடுத்துத் தரையில் போட்டதைக் கண்டதாக, நயீரா என்ற 15 வயதுப் பெண் அமெரிக்க நாடாளுமன்ற உறுப்பினர்கள் முன் அழுதார். யார் வீட்டுப் பெண் என்று ஊடகங்கள் துருவவில்லை. அமெரிக்காவுக்கான குவைத் தூதரின் மகள் என்பது வெளிவந்தபோது 1992. குவைத்துக்காக நடந்த வளைகுடாப் போர் முடிந்து அப்போது ஓராண்டு ஆகப்போகிறது.

நம் தலைப்புகளையும் கவனிக்க வேண்டும். 'குண்டுவீச்சில் பத்துப் பேர் பலி' என்பதில் வீசியவன் எங்கே? எதிரி வீசினால் மட்டும் பெயர் முன்னால் வந்து நிற்கும்.

கடைசியாக, அவசரம். 2025 மே 8 இரவு, கராச்சித் துறைமுகத்தை இந்தியக் கடற்படை தாக்கியதாக நம் தொலைக்காட்சிகள் பல முழங்கின. மறுநாள் துறைமுகம் வழக்கம்போல் இயங்கியது. அதற்குள் நானும் குடும்ப வாட்ஸப் குழுவில் முந்திக்கொண்டு போட்டிருந்தேன். காலையில் நீக்கினேன். மாமா அதை இன்னும் நான்கு குழுக்களுக்கு அனுப்பி முடித்திருந்தார்.