கடை கேட்டு வருபவர் முதலில் எதைப் பார்க்கிறார்?

மட்டக்களப்பு திருமலை வீதியிலோ கல்முனை பஸாரிலோ கட்டடம் வைத்திருப்பவர்கள் "எத்தனை சதுர அடி, மாத வாடகை எவ்வளவு" என்றுதான் பேச்சைத் தொடங்குகிறார்கள். முதலில் என்ன வியாபாரம் என்று கேளுங்கள். எந்த இடத்தைக் காட்டுவது, எதைத் திருத்திக் கொடுப்பது என்பதெல்லாம் அந்தப் பதிலில் இருக்கிறது.

துணிக்கடைக்காரருக்கு முகப்புத்தான் முக்கியம். 10 அடி அகலம் 60 அடி நீளமும் 600 சதுர அடி, 20க்கு 30உம் 600 சதுர அடி. அவர் எடுப்பது இரண்டாவதை. பெயர்ப்பலகையை மறைக்கும் மின்கம்பத்தையும், வாசலில் மோட்டார் சைக்கிள் நிறுத்த இடமிருக்கிறதா என்பதையும் பார்ப்பார். பெருநாளுக்கோ தீபாவளிக்கோ திறக்க நினைப்பவருக்குச் சாவி குறைந்தது 2 மாதம் முன்னதாகக் கிடைக்க வேண்டும். தட்டு அடிக்கவும் லைட் போடவும் அவ்வளவு நாள் பிடிக்கும்.

சாப்பாட்டுக் கடைக்கு வருபவரை நேரே கட்டடத்தின் பின்பக்கம் கூட்டிச் செல்லுங்கள். வாவிக்கும் கடலுக்கும் நடுவே உள்ள மணல் நிலத்தில் மாரி வந்தால் நிலத்தடி நீர் மேலே ஏறிவிடும். அப்போது கழிவுக் குழி தண்ணீரை உள்ளே இழுக்காது, சமையலறை வடிகால் பின்னுக்குத் தள்ளும். கழுவும் தண்ணீர் குழிக்குப் போகும் வழியில் எண்ணெய் தங்கும் தொட்டி இல்லையென்றால் குழாய் சீக்கிரமே அடைத்துவிடும். தொட்டியைக் கட்டிவிட்டு வாடகை பேசுங்கள். புகைக்குழாய் பக்கத்து வீட்டு ஜன்னல் உயரத்தில் முடியக் கூடாது. பொது சுகாதாரப் பரிசோதகரிடம் முறைப்பாடு போனால் கடைக்காரர் இடத்தை விட்டுவிட்டுப் போய்விடுவார்.

நெல், உரம், சீமெந்து அடுக்கக் களஞ்சியம் தேடுபவர் லொறியை மனதில் வைத்துக்கொண்டுதான் வருவார். படலை அகலம், லொறி திரும்ப இடம், தலைக்கு மேலே தாழ்ந்து தொங்கும் வயர், இவற்றைத்தான் முதலில் பார்ப்பார். நெல்லைச் சேமிக்க ஈரப்பதம் 14 சதவீதத்துக்கு மேல் போகக் கூடாது. நிலம் ஈரம் இழுத்தால் அடிமூட்டை பூஞ்சணம் பிடிக்கும். அனுபவசாலி சுவரைத்தான் பார்ப்பார்: முழங்கால் உயரம் வரை மட்டும் புதுப் பெயின்ட், ஷட்டரின் கீழ்த் தகட்டில் வரிவரியாகத் துரு, மேலே தூக்கி மாட்டிய மீற்றர் பெட்டி. இந்த மூன்றும் சேர்ந்திருந்தால் வெள்ளம் வந்த இடம் என்று அவருக்குத் தெரியும். மறைக்காதீர்கள். எந்த ஆண்டு, எவ்வளவு உயரம் வந்தது என்று சொல்லி, நிலத்தை உயர்த்திக் கொடுங்கள். அரைக்கும் மெஷின் போடுபவருக்குப் பெரும்பாலும் த்ரீ பேஸ் கரண்ட் தேவைப்படும்.

பாமசிக்கு மேற்குப் பார்த்த கண்ணாடி முகப்பு ஆகாது. பல மருந்துகளை 25 பாகை செல்சியஸுக்குக் கீழும், இன்சுலின் போன்றவற்றை 2 முதல் 8 பாகைக்குள்ளும் வைக்க வேண்டும். ஏ.சி.க்குத் தனி வயர் இழுத்திருந்தால் நல்லது.

வங்கி, நிதி நிறுவனம் வந்தால் கட்டடத்தைவிடக் காகிதங்களைத்தான் அதிகம் பார்ப்பார்கள். உறுதி, நில அளவைப் படம், கட்டட அனுமதி, இணக்கச் சான்றிதழ் (அனுமதிப்படியே கட்டியதற்கான சான்று), சோலைவரிப் பற்றுச்சீட்டு எல்லாவற்றையும் ஒரே கோப்பில் வைத்திருங்கள். மட்டக்களப்பு, அம்பாறை மாவட்டங்களில் பேச்சு முறிவது பெரும்பாலும் பெர்மிட் காணியில்தான். 1935 காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் கிடைத்த அனுமதிப்பத்திரக் காணியை உறுதிக்காணி போல் நினைத்தபடி குத்தகைக்கு விட முடியாது. முதலில் பிரதேச செயலகத்தில் கேளுங்கள்.

அலைச்சறுக்கலுக்கு உல்லாசப் பயணிகள் வரும் அறுகம்பையில் ஏறத்தாழ ஏப்ரலிலிருந்து ஒக்டோபர் வரைதான் உழைப்பு. ஆண்டு வாடகையை 12 சம பங்காகக் கேட்டால் மாரியில் நிலுவை ஏறும். சீசன் மாதங்களில் கூடுதலாக வாங்குங்கள். கடலோரக் கட்டடத்தில் புதிதாக எதையும் கட்டச் சொன்னால் கவனம்: சராசரி உயர்நீர் மட்டக் கோட்டிலிருந்து (கடல் பெருகும்போது தண்ணீர் சராசரியாக ஏறும் கோடு) தரைப்பக்கம் 300 மீற்றர் வரை கரையோர வலயம். அதற்குள் கட்டக் கரையோரம் பேணல் திணைக்களத்தின் அனுமதி தேவை.

யார் வந்தாலும், ஒரு மாதத்துக்கு மேற்பட்ட குத்தகையை நொத்தாரிசு முன் இரண்டு சாட்சிகளோடு எழுதுங்கள். 1840 மோசடித் தடுப்புக் கட்டளைச் சட்டப்படி வெறும் கடதாசியில் எழுதிய குத்தகை செல்லாது. முற்பணம் எவ்வளவு, அது எப்போது திரும்பும், தட்டும் ஏ.சி.யும் போகும்போது யாருக்கு என்பதையும் அதிலேயே போடுங்கள். சாவி கொடுக்கும் நாளின் மின் மீற்றர் அளவையும் குறித்து இருவரும் கையெழுத்திடுங்கள்.